குட்டையில் ஊற்றிய எண்ணெய்

முதலாளியின் முதல் உதை வாட்ச்மேனின் விலாவில் விழுந்தது.

"ஆலைக்குப் பின்னாடி இருக்கிற குட்டையில எண்ணெய் ஊத்தச் சொன்னது எவன்டா?"

"நானாத்தான் ஊத்தினேன் முதலாளி. அங்க முட்டை போடுற கொசு கடிச்சுத்தான் தெருவே மலேரியாவுல கிடக்கு. என் பொண்ணும் தூக்கித் தூக்கிப் போட நடுங்குறா. எண்ணெய் ஊத்தினா புழு மூச்சு முட்டிச் செத்துடும்னு டாக்டரம்மா..."

பெல்ட் சுழன்றது. உதடு கிழிந்து ரத்தம் சட்டையில் வழிந்தது.

மேனேஜர் ஓடி வந்தார். "சார், மேடையில கூப்பிடுறாங்க. உங்களுக்கு 'நோய் ஒழிப்பு மாமணி' பட்டம்!"

முதலாளி பெல்ட்டை இடுப்பில் மாட்டிக்கொண்டார்.

"குட்டையைக் கழுவி நல்ல தண்ணி விடு. கொசு செத்துட்டா நம்ம கொசுவத்தியை எவன்டா வாங்குவான்? போறப்ப உன் பொண்ணுக்கு ஒரு பாக்கெட் எடுத்துக்க. சம்பளத்துல பிடிச்சுக்கறேன்."