விபத்துக்கு ஓர் எண்

"கதவு வெளியில பூட்டியிருந்துச்சாம்மா?" என்று கேட்டாள் நம்பர் அக்கா.

எதிரே ஒரு பெண் உட்கார்ந்திருந்தாள். கைக்குட்டையைச் சுருட்டுவதும் பிரிப்பதுமாக இருந்தாள்.

நம்பர் அக்கா என்பது ஆஸ்பத்திரி வைத்த பெயர். தீக்காயத்தோடு யார் வந்தாலும், தீ எப்படிப் பிடித்தது என்று பார்த்து, கோப்பில் அதற்குரிய எண்ணைப் போடுவது அவள் வேலை. அடுப்புக்கு ஓர் எண், படுக்கையில் விழுந்த சிகரெட்டுக்கு ஓர் எண். தானாகப் பிடித்ததா, யாராவது வைத்ததா என்பதற்கும் தனித்தனி எண்கள் உண்டு.

காலையில் ஒருவரைக் கருகிய உடம்போடு தூக்கி வந்திருந்தார்கள். 'தூக்கத்தில், படுக்கையில், சிகரெட்' என்று மூன்றே வார்த்தை கிறுக்கிவிட்டு டாக்டர் போய்விட்டார். மிச்சத்தை யாரிடம் கேட்பது? "அவரு வீட்டம்மாவைக் கீழே அனுப்புங்க" என்று வார்டுக்குப் போன் செய்த பத்தாவது நிமிடம் இந்தப் பெண் வந்து நின்றாள்.

"விபத்தா இல்லையான்னு எழுதறது இங்கதானே?"

"ஆமாம்மா, உட்காரு. உனக்காகத்தான் காத்திருக்கேன்."

வழக்கமாக இந்த நாற்காலியில் உட்காருபவர்கள், "பிழைச்சுடுவாரா?" என்றுதான் ஆரம்பிப்பார்கள். இவள் அதைக் கேட்கவே இல்லை. வந்ததிலிருந்து எண்ணைப் பற்றியே பேசிக்கொண்டிருந்தாள்.

"பூட்டியிருந்தா என்னக்கா எழுதுவீங்க?"

"பூட்டியிருந்தாலும் சரி, மண்ணெண்ணெய் வாடை அடிச்சாலும் சரி, சந்தேகம்னு நம்பர் போட்டாகணும். அடுத்த நாளே போலீஸ் வந்துடும்."

அந்தப் பெண் கைக்குட்டையை மடியில் வைத்தாள். "அப்ப பூட்டலைக்கா. திறந்துதான் இருந்துச்சு."

நம்பர் அக்கா விசைப்பலகையிலிருந்து கையை எடுத்தாள். பதினெட்டு வருஷமாகப் பொய்களுக்கு நடுவில் உட்கார்ந்திருப்பவளுக்கு இது பொய் என்று தெரியாதா? எழுந்துபோய் மேலதிகாரியிடம் சொல்லிவிடலாமா என்றுகூட நினைத்தாள்.

அப்போது அந்தப் பெண் தண்ணீர் டம்ளரை எட்டி எடுத்தாள். சட்டைக் கை மேலே ஏறியது. மணிக்கட்டிலிருந்து முழங்கை வரை வட்ட வட்டமாகத் தழும்புகள், எல்லாம் சிகரெட் முனை அளவு. அதற்கும் ஓர் எண் உண்டு. ஆனால் அந்த எண்ணைக் கேட்டு எந்த மனைவியும் இந்த அறைக்கு வந்ததில்லை.

"இது யாரு, அவரா?"

"ராத்திரி ஷிப்ட் முடிஞ்சு பகல்லதான் தூங்குவாரு. தூக்கம் வர்ற வரைக்கும் சிகரெட் குடிப்பாரு. கோபம் வந்தா அதை என் கையில வச்சு அணைப்பாரு. இல்லேன்னா வாயில வச்சுக்கிட்டே அசந்துடுவாரு."

நம்பர் அக்காவுக்கு மனசு கேட்கவில்லை. கூடப்பிறந்த தங்கையின் கை போலிருந்தது அது. எழுந்து கதவைச் சாத்திவிட்டு வந்தாள்.

"நான் சொல்றதை நல்லாக் கேட்டுக்கோ. யார் கேட்டாலும் மண்ணெண்ணெய்ங்கிற பேச்சே வரக்கூடாது. கதவு திறந்திருந்துச்சு. நீ கடைக்குப் போயிருந்தே. வந்து பார்த்தா ஒரே புகை. புரியுதா?"

"கடைக்குப் போயிருந்தேன்" என்று அவள் பாடம் ஒப்பிப்பதுபோல் சொன்னாள். "அவ்வளவு சொன்னாப் போதுமாக்கா?"

"போதும். விபத்துன்னுதான் நம்பர் விழும். தைரியமா இரு."

அந்தப் பெண் முதல் தடவையாக நிமிர்ந்து உட்கார்ந்தாள். கையெடுத்துக் கும்பிட்டுவிட்டு, விறுவிறுவென்று போய்விட்டாள்.

நம்பர் அக்கா விபத்து எண்ணைத் தட்டி, கோப்பை மூடினாள். செய்தது பாவமா புண்ணியமா என்று அவளுக்கே தெரியவில்லை.

மேஜையில் ஒரு போன் அலறியது. அந்தப் பெண் மறந்து வைத்துவிட்டுப் போனது. எடுத்தாள்.

"எங்கடி போய்த் தொலைஞ்ச?" ஓர் ஆணின் குரல்.

"இது ஆஸ்பத்திரிங்க. அவங்க போனை விட்டுட்டுப் போயிட்டாங்க. நீங்க யாரு?"

"அவ புருஷன். ஷிப்ட் முடிஞ்சு வந்துட்டேன், எனக்குத் தூக்கம் வருது, நான் படுக்கப் போறேன்னு சொல்லிடுங்க."