பக்கத்துக்கு வெளியே

"மொத பேரு யாரு பேரு, தங்கச்சி?" என்று கேட்டாள் வீரம்மா. அவளுக்கு வாசிக்கத் தெரியாது.

முனீரா தன் போட்டோகொப்பிக் கடையின் கணினித் திரையைப் பார்த்தாள். "தலைவர் பேருதான் அக்கா."

"அதானே! பந்தியில மொத எல அவருக்குத்தானே போடணும்."

தோட்டத் தலைவர் ஜீவராஜ் காதில் விழாதவர் போல, மழையில் நனையும் லிந்துலைக் கடைத்தெருவைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

மண்சரிவுக்குப் பிறகு அவர்களுடைய தோட்டத்துக்கு இருபது வீடுகள் வந்திருந்தன. தொழிலாளர் குடியிருக்கும் லயத்தில் ஒரு காம்பராவுக்கு, அதாவது ஓர் அறைக்கு, ஒரு வீடு. வீரம்மாவின் காம்பராவை மண்ணே கொண்டுபோய்விட்டது. மகளின் காம்பராவில் குறுக்கே ஒரு சேலையைக் கட்டி, அதற்குப் பின்னால் படுக்கிறாள். இல்லாத காம்பராவுக்குப் பதிவில் நம்பர் இல்லை. நம்பர் இல்லாததற்கு வீடும் இல்லை.

"நாலு மணிக்குள்ள இந்த வீட்டு லிஸ்ட்ட நுவரெலியா ஆபீஸ்ல குடுக்கணும், தங்கச்சி," என்றார் ஜீவராஜ். "மூணு தரம் திருப்பி அனுப்பிட்டாங்க. கடைசிக் கட்டம் தாள்ல விழலயாம்."

"எப்படி விழும்? நீங்க போன்ல நெரப்பினத அவங்க சிஸ்டம் அதுவாவே அட்டவணையாக்கி அனுப்புது. தாள் எவ்வளவு அகலம்னு அதுக்குக் கவலையே இல்ல. பாருங்க, தாளத் தாண்டி ஓடிக்கிட்டே இருக்கு."

"இழுத்து உள்ள போடு."

முனீரா கோட்டைப் பிடித்து இழுத்தாள். கடைசிக் கட்டம் அசையவில்லை. பெயர்க் கட்டம்தான் ஒடுங்கியது. பட்டியலில் இருந்த சின்னராசா நான்கு துண்டாகி ஒன்றின் கீழ் ஒன்றாகத் தொங்கினார்.

"என்ன இது, மனுசன தூக்குல போட்ட மாதிரி?" என்றார் ஜீவராஜ்.

"அப்ப எழுத்தச் சின்னதாக்கவா?"

ஆக்கினாள். பெயர்கள் எறும்பு வரிசையாயின. கடைசிக் கட்டம் அப்போதும் வெளியேதான்.

"தாளக் குறுக்கால திருப்பிப் போடேன்."

"குறுக்குத் தாள் எடுக்க மாட்டோம்னு அவங்களே எழுதியிருக்காங்க, தலைவரே!"

வீரம்மா பெருமூச்சு விட்டாள். "இருபது பேர ஒரு தாள்ல அடக்க ஏலல. எங்கள மட்டும் ஏழு பேர ஒரு காம்பராவுல அடக்கிப்புட்டாங்க."

முனீரா மறுபடி இழுத்தாள். மறுபடி விட்டாள். தேநீர் ஆறி ஆடை கட்டியது. போட்டோகொப்பி எடுக்க வந்த இருவர் காத்திருந்து பார்த்துவிட்டு எதிர்க் கடைக்குப் போனார்கள்.

"யாரோ ஒரு ஆள் கடைசிக் கட்டத்துல மூச்சு விடாம ஒரே வரியா எழுதித் தள்ளியிருக்கணும். அதுதான் மொத்தத்தையும் இழுத்துக்கிட்டு ஓடுது. என்ன கட்டம் அது?"

ஜீவராஜ் பிடரியைச் சொறிந்தார். "குறிப்பு."

"வெறும் குறிப்புத்தானே? வெட்டிட்டா வேல முடிஞ்சிச்சு."

"வெட்டாத!"

கடையே அதிர்ந்தது. முனீராவின் கை மவுஸிலிருந்து எழுந்துவிட்டது.

"ஏன் சத்தம் போடுறீங்க? நானா இத எழுதினேன்?"

"வெட்டாத, தங்கச்சி," என்றார் அவர், குரலை இறக்கி. "மத்தது என்ன வேணும்னாலும் செய்."

"அதுல தன் மச்சானுக்கும் ஒரு வீடு எழுதியிருப்பாரு," என்றாள் வீரம்மா. "தலைவரு காம்பராவுக்குப் பின்னால மலை வெடிச்சுத்தான் கெடக்கு, இல்லேங்கல. அதுக்காக ஊருக்கு முந்தித் தன் பேரையா போடுறது? எம் பேர எங்கயாவது ஒரு மூலையில போடுங்கன்னு எத்தன நாள் கெஞ்சினேன். வாயத் தொறந்தாரா?"

ஜீவராஜ் கைக்கடிகாரத்தைப் பார்த்தார்.

வெளியே நுவரெலியா பஸ் ஹோர்ன் அடித்தது. "இத விட்டா அடுத்தது ரெண்டே முக்காலுக்கு," என்றார், தனக்குத்தானே சொல்வதுபோல.

முனீராவுக்குக் கண் எரிந்தது. ஒவ்வொரு மெனுவையும் திறந்து திறந்து மூடினாள். எங்கோ ஓர் ஓரத்தில், கட்டங்களின் அகலம் மாறக் கூடாது என்று யாரோ போட்டு வைத்த ஒரு சரி அடையாளம். அதை எடுத்தாள். பக்க அகலத்துக்குப் பொருத்து என்ற இடத்தை அழுத்தினாள்.

அடம்பிடித்த அட்டவணை, ஒன்றுமே நடக்காதது போல, தாளுக்குள் வந்து உட்கார்ந்துகொண்டது.

"அல்லாஹ்! இவ்வளவுதானா?"

முதல்முறையாகக் கடைசிக் கட்டம் கண்ணுக்குத் தெரிந்தது. பத்தொன்பது வரிகளில் அது வெறுமையாக இருந்தது. முதல் வரியில் மட்டும், ஜீவராஜின் பெயருக்கு நேரே, நீண்ட ஒற்றை வரி மடிந்து மடிந்து ஐந்து வரியாகியிருந்தது.

'எனக்குரிய இந்த வீடு எனக்கு வேண்டாம் மண்சரிவில் காம்பராவை இழந்து பதிவில் விடுபட்ட வீரம்மாவின் பெயருக்கு இதை மாற்றித் தரவும்.'

முனீரா தலை நிமிர்ந்தாள். ஜீவராஜ் அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். வேண்டாம், சொல்லாதே என்பதுபோல அவர் தலை மெல்ல அசைந்தது.

அச்சடித்த தாள் வெதுவெதுப்பாக வெளியே வந்தது. அதை மழைக் கோட்டுக்குள் செருகிக்கொண்டு அவர் பஸ்ஸை நோக்கி ஓடினார்.

"ஓட்டத்தப் பாரு! வீடு கெடைச்சிரும்ல அவருக்கு," என்றாள் வீரம்மா. பிறகு, கேட்கக் கூச்சப்படுகிறவள் போல, "முழுசாத் தெரிஞ்சிச்சே தங்கச்சி... கீழயாவது, கடைசியிலயாவது, எம் பேரு எங்கயும் இருந்திச்சா?"

"இருந்திச்சு அக்கா," என்றாள் முனீரா. "மொத வரியிலயே இருந்திச்சு."