இறந்தவர் நடித்த படம்

"மாமி, அடிக்கிறதெண்டா வெளியில வைச்சு அடியுங்கோ. தியேட்டருக்குள்ள செக்குரிற்றி நிக்கிறாங்கள்" என்றாள் தம்பி மகள் நடாஷா.

புறநகரான அஜக்ஸிலிருந்து கோ ட்ரெயினில் வந்த நேரம் முழுவதும் அன்ரனெற் தன் வலது உள்ளங்கையைத் தேய்த்தபடியே இருந்தாள். முப்பத்துநான்கு வருடங்களுக்கு முன் செத்துப்போன ஒருவனின் கன்னத்தில் அறைவதற்காகத்தான் அவள் ரொறன்ரோ டவுன்டவுனுக்கு வந்திருந்தாள்.

அகஸ்ரின் அவளுக்கு நிச்சயிக்கப்பட்டவன். தம்பி வின்சன்றின் உயிர்ச் சிநேகிதன். யாழ்ப்பாணத்தில் மோதிரம் மாற்றிய அடுத்த கிழமையே ஜெர்மனிக்குப் போனான். பிறகு வின்சன்ற் அக்காவை ரொறன்ரோவுக்குக் கூப்பிட்டான். "அகஸ்ரினையும் இஞ்ச எடுப்பம், கலியாணத்தை இஞ்சயே வைப்பம்" என்றான்.

அதற்குள் வின்சன்றின் மனைவி பிரசவத்தில் போய்விட்டாள். அவன் தொழிற்சாலையில் இரண்டு ஷிஃப்ட் வேலை செய்தான். குழந்தை நடாஷா மாமியின் மடியில் வளர்ந்தாள். அவளுக்கு எட்டு மாதமானபோது, ஒரு காலையில் ரெலிபோனை வைத்துவிட்டு வந்த வின்சன்ற் தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னான்: "அக்கா, அகஸ்ரின் கார் அக்சிடென்ரில போயிட்டான்."

அதன்பின் வந்த ஒரு சம்பந்தத்துக்கும் அன்ரனெற் சம்மதிக்கவில்லை. தம்பியின் வீடே அவள் வீடானது.

போன மாதம் நடாஷா ஏதோ ஒரு ஜெர்மன் பொலிஸ் தொடரை, கீழே ஓடும் ஆங்கில எழுத்துகளோடு பார்த்துக்கொண்டிருந்தாள். பிரேத அறையில் வெள்ளை அங்கியோடு ஒரு தமிழ் முகம். இடது புருவத்தை இரண்டாக வெட்டிய, அகஸ்ரினின் அதே தழும்பு. "நிப்பாட்டு" என்றாள் அன்ரனெற். பிறகு, "திருப்பிப் போடு" என்றாள். ஏழு தரம் திருப்பிப் போட்டார்கள்.

ஆக, அவன் சாகவில்லை. பெயரை மாற்றிக்கொண்டு, எங்கள் ஆட்களின் கண்ணில் படாமல், நடிகனாகியிருக்கிறான். ஆள் வைத்துத் தன் சாவைத் தானே சொல்லியனுப்பியிருக்கிறான்.

வின்சன்றுக்கு அவள் மூச்சுவிடவில்லை. அவனுக்கு இருதய பைபாஸ் செய்து மூன்று மாதம்தான் ஆகிறது. சிநேகிதன் இப்படிச் செய்தானென்று தெரிந்தால் அவன் தாங்கமாட்டான். ஜெர்மன் படவிழாவுக்கு அந்த நடிகனே வருகிறான் என்று நடாஷா கண்டுபிடித்ததும், அன்ரனெற் தம்பியிடம் சிநேகிதி வீட்டுக்குப் போவதாகப் பொய் சொல்லிவிட்டுப் புறப்பட்டாள்.

படம் முடிந்து விளக்குகள் எரிந்தன. மேடைக்கு வந்தவனின் தலை முழுக்க நரைத்திருந்தது. கேள்வி கேட்டவர்களுக்கு ஆங்கிலத்தில் நிதானமாகப் பதில் சொன்னான்.

"முதலில் ரோஜாப்பூ விற்கிறவன். பிறகு கோப்பை கழுவுகிறவன். பிறகு நாடு கடத்தப்படுகிறவன். பத்து வருடமாக என் பாத்திரங்களுக்குப் பெயரே கிடையாது. அதற்குப் பிறகுதான் தொலைக்காட்சியில் வைத்தியர் வேடம் கிடைத்தது. பன்னிரண்டு வருடம் பிணங்களோடு நடித்தேன். அவை ஒருபோதும் வசனத்தை மறந்ததில்லை."

அரங்கம் சிரித்தது. அன்ரனெற்றுக்குப் பல் கடிபட்டது. பகிடி வேறு விடுகிறான்!

முன்வரிசையில் ஒரு பெண் எழுந்து, கமராவுக்கு முன்னால் எப்படி அவ்வளவு உண்மையாக அழுகிறீர்கள் என்று கேட்டாள்.

அவன் ஒலிவாங்கியைக் கிட்டப் பிடித்தான். "நான் ஒருநாளும் போய்ப் பார்க்காத கல்லறை ஒன்று இருக்கிறது. அதை நினைப்பேன். போதும்."

ஊரில் செத்துப்போன தாயைச் சொல்கிறான் என்று அன்ரனெற் நினைத்தாள். தாய்க்காவது அழுகிறானே.

வெளிமண்டபத்தில் மேசை போட்டுக் கையெழுத்து வைத்துக்கொண்டிருந்தான். அன்ரனெற் வரிசையில் நின்றாள். நடாஷா அவள் தோளைப் பிடித்தபடி பின்னால் நின்றாள். முறை வந்தபோது, யார் பெயருக்கு எழுத வேண்டுமென்று அவன் குனிந்தபடியே கேட்டான்.

"அன்ரனெற்றுக்கு எண்டு எழுதுங்கோ."

பேனை நின்றது. அவன் நிமிர்ந்தான். அந்தத் தழும்பைக் கிட்டத்தில் கண்டதுதான் தாமதம், அவள் கை அவன் கன்னத்தில் விழுந்தது. வரிசை சிதறியது.

"முப்பத்துநாலு வருசம்!" அவள் குரல் உடைந்தது. "நீங்கள் செத்திட்டியள் எண்டு நான் என்ர வாழ்க்கையையே மூடி வைச்சனான். என்னைப் பிடிக்கேல்லை எண்டா ஒரு வரி எழுதியிருக்கலாமே? ஏன் என்னை ஏமாத்தினியள்?"

காவலாளி ஒருவன் ஓடிவந்தான். வேண்டாமென்று அவனுக்குக் கைகாட்டிவிட்டு அகஸ்ரின் எழுந்தான். அடிபட்ட கன்னத்தை அவன் தடவவில்லை. விரல்களால் அவள் கையைத் தொட்டான். சூடு இருக்கிறதா என்று பார்ப்பவனைப்போல் பிடித்துக்கொண்டே நின்றான்.

"நீர் செத்துப்போனீர் எண்டு எனக்குக் கடிதம் போட்டது உம்மட தம்பியெல்லோ?"