நெட்டி மாஸ்டர்

"முடி வெட்டியாச்சுல்ல? அப்படியே கழுத்துக்கு ரெண்டு நெட்டி எடுத்து விடுங்க மாஸ்டர்."

"இனிமே அது கிடையாது சார்."

பஸ் டிரைவர் கண்ணாடியில் சலூன்காரரை முறைத்தார். தெருவுக்கே இவர் 'நெட்டி மாஸ்டர்'. முடி வெட்டுவது சுமார்தான். அந்த ரெண்டு சொடக்குக்காகத்தான் ஆட்கள் வருவதே.

"என்ன விளையாடுறீங்களா? நாள் பூரா ஸ்டியரிங் பிடிக்கிற கழுத்து இது!"

"கழுத்தை வெடுக்குன்னு திருப்பினா உள்ளே ரத்தக்குழாய் கிழிஞ்சுடலாம் சார். அங்கே ரத்தம் உறைஞ்சு மூளைக்குப் போனா பக்கவாதம்."

"பத்து வருஷமா கிழியாதது இன்னிக்குக் கிழிஞ்சுடுமா? கை நோகுதுன்னு சொல்லுங்களேன். கூட்டம் சேர்ந்தா தலைக்கனமும் சேர்ந்துடும்!"

பெஞ்சில் ஈ காக்கா இல்லை. ஒரு மாதமாகவே அப்படித்தான். மாஸ்டர் துணியை உதறினார்.

டிரைவர் விறுவிறுவென்று எதிர்க்கடை சலூனுக்குப் போய் உட்கார்ந்தார்.

"தம்பி, நீங்களாவது கழுத்துக்கு நெட்டி எடுங்க. அந்த ஆளுக்குக் கொழுப்பு ஏறிப்போச்சு."

"நானும் விட்டுட்டேன் சார்."

"உங்களையும் பயமுறுத்திட்டாரா?"

எதிர்க்கடைக்காரர் கத்தரிக்கோலைக் கீழே வைத்தார்.

"போன மாசம் எங்கண்ணனுக்குத் திடீர்னு கழுத்து வலி, தலைசுத்தல். ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போனேன். 'கழுத்துல அடி கிடி பட்டுச்சா, யாராவது திருப்பினாங்களா'ன்னு டாக்டர் கேட்டார். இல்லவே இல்லைன்னுட்டார் அண்ணன். சுளுக்குன்னு மாத்திரை எழுதிட்டாங்க."

"அப்புறம்?"

"கிளம்புற நேரத்துல, விஷயம் கேள்விப்பட்டு மாஸ்டர் மூச்சு வாங்க ஓடி வந்தார். 'காலையில நான்தான் இவருக்கு நெட்டி எடுத்தேன், கழுத்தை நல்லாப் பாருங்க டாக்டர்'னார். ஸ்கேன் எடுத்தாங்க. ரத்தக்குழாய் கிழிஞ்சிருந்தது. உடனே வைத்தியம் பண்ணாங்க."

"உங்கண்ணன் ஏன் மறைச்சார்?"

"பக்கத்துல நான் நின்னேனே! தம்பி கடையை விட்டுட்டு எதிர்க்கடையில போய் உட்கார்ந்ததை எப்படிச் சொல்வார்?"

டிரைவர் கழுத்தைத் தடவிக்கொண்டார். குரல் இறங்கிவிட்டது.

"மாஸ்டர் வாயை மூடிக்கிட்டு இருந்திருந்தா யாருக்கும் தெரிஞ்சிருக்காதே தம்பி."

"தெரிஞ்சிருக்காதுதான் சார். எங்கண்ணன்தான் இருந்திருக்க மாட்டார்."