பாக்கி இடம்

காலத்தை நிறுத்தும் மந்திரத்தை ஆராய்ந்த பேராசிரியர் மேதையா பைத்தியக்காரரா என்று எங்கள் கல்லூரியில் இன்னும் சண்டை. அவருடைய கடைசிச் சோதனையன்று அறையைத் துடைக்கப் போன என் அம்மா திரும்பி வரவில்லை. அதைப் பற்றி எவனும் வாய் திறப்பதில்லை.

அம்மா பின்னால் நகர்ந்தபடியே வாசல்வரை துடைப்பாள். அந்தக் காலி அறையில் வருடத்துக்கு ஒரு சாண் ஈரம் வாசலை நெருங்குகிறது. பட்டம் வாங்கி இங்கேயே நான் வேலைக்குச் சேர்ந்தது, அது வாசலைத் தொடும் நாளுக்காகத்தான்.

ஈரம் நிலைப்படிவரை வந்துவிட்ட இன்று, வாசலை அடைக்கச் செங்கல் வந்து இறங்கியது.

“பேராசிரியருக்கு நினைவுச் சுவரும்மா, தள்ளு” என்றார் கொத்தனார்.

“என் மேலயே கட்டுங்கண்ணே” என்று நிலைப்படியில் உட்கார்ந்துகொண்டேன்.

முதுகுக்குப் பின்னால் வாளி நகர்ந்தது. அம்மாவின் குரல்தான்.

“கொஞ்சம் எந்திரிங்க மேடம். இந்த இடம்தான் பாக்கி.”