ஏழு பேர் விழுந்த ராட்டினம்

"மூணு நாளா பூங்காவுக்கு ஒரு ஈ, காக்கா வரலை. பூட்டுப் போட்டாச்சு. இந்தப் புரளியைக் கிளப்புனது நீதானே மாசாணம்?"

முதலாளி வெங்கடபதி நேராகவே கேட்டுவிட்டார்.

"நானில்லைங்க மொதலாளி."

"ராட்டினத்துல இருந்து ஏழு பேரு உழுந்து செத்துட்டாங்கன்னு அவிநாசி வரைக்கும் பேச்சு. போல்ட்டை மாத்துங்க, போல்ட்டை மாத்துங்கன்னு மூணு மாசமா நச்சரிச்சது நீதானே?"

"உங்ககிட்ட மட்டுந்தானுங்க சொன்னேன்."

"அப்ப யாருன்னு கண்டுபிடி. புரளி கிளப்புன ஆளு இனி பூங்காப் பக்கமே தலைகாட்டக் கூடாது. ஆளு கிடைக்கலைன்னா, அந்த ஆளு நீதான்."

பதினோரு வருசமாக ராட்டினம் ஓட்டுகிறவர் மாசாணம். வேறு வேலை தெரியாது. முதலாளியின் எம்.எய்ட்டி வண்டியில் பின்னால் ஏறிக்கொண்டார்.

முதலில் பூங்கா வாசலில் டீக்கடை போட்டிருக்கும் சுப்பண்ணன்.

"ஏழு எப்படி ஆச்சுன்னு தெரியலீங்க. நான் நாலுன்னுதான் சொன்னேன். தையல்கார சபுராம்மா சொன்னதுங்க."

சபுரா மிஷினை நிறுத்தாமலே பேசினாள். "நாலா? செத்தது ஒரே ஒரு புள்ளைதானுங்க. பெருந்துறைப் புள்ளை, செவப்புப் பாவாடை."

"பாவாடை நிறமெல்லாம் யாரு சொன்னா?"

"யாரும் சொல்லலீங்க. தைக்கிறவ நான், பாவாடை இல்லாம எப்படிங்க சொல்றது? மத்ததெல்லாம் பூக்கார பழனியாத்தா சொன்னது."

செத்தவர்கள் குறையக் குறைய முதலாளிக்குத் தெம்பு கூடியது. வண்டியை இன்னும் வேகமாக முறுக்கினார்.

பழனியாத்தாள் பூக்கட்டும் கையை நிறுத்தினாள். "யாருமே சாகலீங்க. ராட்டினத்துல போல்ட்டு சரியில்ல, உழுந்துபோடும், ஏறாதீங்கன்னுதான் சொன்னேன்."

"உனக்கு யாரு சொன்னது?"

"கோவிச்சுக்காதீங்க... உங்க ஊட்டு அம்மாதானுங்க."

முதலாளி வண்டியை வீட்டுப் பக்கம் திருப்பினார்.

வீட்டில் முதலாளியின் மனைவி ராமாமணி பேத்தி நவ்யாவுக்குத் தலை பின்னிக்கொண்டிருந்தாள்.

"பழனியாத்தாகிட்ட நீயா சொன்னே?"

"ஆமா. பேரனை ராட்டினத்துக்குக் கூட்டிட்டுப் போறேன்னா. மனசு கேக்கலை, சொல்லிப்போட்டேன்."

"போல்ட்டு சங்கதி உனக்கு எப்படித் தெரியும்?" முதலாளி மாசாணத்தை முறைத்தார். "இவன் வந்து சொன்னானா?"

மாசாணம் இல்லையென்று அவசரமாகத் தலையாட்டினார்.

"இல்ல தாத்தா," என்றாள் நவ்யா. "நான் ராட்டினத்துல ஏறணும்னு அழுதேன்ல? போல்ட்டு சரியில்ல, நீ மட்டும் ஏறாதே கண்ணுன்னு நீங்கதானே சொன்னீங்க. நான்தான் பாட்டிகிட்டச் சொன்னேன்."

மாசாணம் மெல்லத் தொண்டையைச் செருமினார்.

"ஏனுங்க மொதலாளி, அப்ப நாளையில இருந்து பூங்காப் பக்கம் தலைகாட்டக் கூடாதது... நீங்களுங்களா?"