நேரில் விசாரித்தேன்

அந்தப் பெண் மேசையைத் தட்டியது வலது கையாலா இடது கையாலா என்று இப்போது சரியாக நினைவில்லை. தட்டிய வேகத்தில் அதிகாரியின் மூக்குக் கண்ணாடி கோப்பின் மேலிருந்து சரிந்து தரையில் விழுந்தது மட்டும் நிச்சயம்.

"யார் சார் சொன்னது? அந்த யோக்கியரை இங்க வந்து என் மூஞ்சியைப் பாத்துச் சொல்லச் சொல்லுங்க!"

அவள் கணவன் பக்கத்தில் பவ்யமாகக் கைகட்டி நின்றான். ஊரில் அவனுக்குக் கொக்கி என்று பெயர். சந்தைத் தெருவில் அவன் தலை தெரிந்தாலே கடைக்காரர்கள் ஷட்டரை இறக்கிவிடுவார்கள் என்று போலீஸ் எழுதியிருந்தது. அவனை ஒரு வருடம் மாவட்டத்துக்குள்ளேயே கால் வைக்கவிடக் கூடாது என்று அதிகாரியிடம் கேட்டிருந்தது.

நிரூபணமான குற்றம் எதுவும் இல்லை. பயத்தில் யாரும் கோர்ட் படி ஏறவில்லை. அப்படிப் பயந்தவர்களுக்காகவே, ரவுடிகளை ஊரைவிட்டு வெளியேற்றும் இந்தச் சட்டத்தில் ஒரு வழி இருந்தது: பெயரை வெளியில் விடாமல் ரகசியமாகச் சாட்சி சொல்லலாம். அப்படியும் துணிந்து வந்தது ஒரே ஒருவர்தான்.

ஆனால் ஆளை வெளியேற்றுமுன் அவன் தரப்பையும் கேட்டாக வேண்டும். அதற்குத்தான் இன்று வரச் சொல்லியிருந்தார்கள்.

"மெதுவாப் பேசும்மா, இது ஆபீசு" என்றார் சுவரோரம் நின்ற இன்ஸ்பெக்டர். அதட்டலில் அவ்வளவு சுரத்து இல்லை.

"மெதுவாத்தானே பேசறேன்! எங்க வீட்டுக்கு வந்து பாருங்க, எம்புருஷன் எவ்வளவு தங்கமானவர்னு."

சொல்லிவிட்டுக் கணவனைப் பார்த்தாள். ஒவ்வொரு வார்த்தைக்கும் அவன் முகத்தைத்தான் பார்த்தாள். இப்படியும் ஒரு பாசமா என்று அதிகாரிக்கு வியப்பாக இருந்தது. அவர் மனைவி அவர் முகத்தைப் பார்த்துப் பேசியே பல காலம் ஆகிறது.

"பேரே இல்லாத ஒருத்தர் சொன்னாராம், இவர் வீடு வாசலை விட்டுப் போகணுமாம். நாளைக்கு உங்களைப் பத்தி நான் ஒண்ணு சொன்னா நீங்க பெட்டியைக் கட்டிடுவீங்களா சார்?"

அதிகாரி கண்ணாடியைக் குனிந்து எடுத்துத் துடைத்துக்கொண்டார். "பேரைச் சொன்னா அந்த சாட்சியோட உயிருக்கு உத்தரவாதம் இல்லம்மா."

கொக்கி மனைவியின் பக்கம் லேசாகச் சாய்ந்தான். "வக்கீல் சொன்னாரே, அதைக் கேளு."

அவள் ஏனோ தயங்கினாள்.

"கேளுன்றேன்ல!"

"சரி, பேர் வேணாம்" என்றாள். குரல் இறங்கியிருந்தது. "நீங்களாவது அந்த சாட்சியை நேர்ல பாத்தீங்களா சார்? பாத்து விசாரிச்சீங்களா?"

இதைக் கேட்கும்போது மட்டும் அவள் கணவனைப் பார்க்கவில்லை. அதிகாரியையே பார்த்தாள்.

சாட்சியை அழைத்து உட்காரவைத்து, சொன்னது நிஜமா, பயம் நிஜமா என்று பார்க்க வேண்டியது அவர் வேலை. 'நேரில் விசாரித்தேன், திருப்தி அடைந்தேன்' என்று அவர் கையெழுத்தும் இருந்தது. ஒரு சாயங்காலம், வீட்டுக்குக் கிளம்பும் அவசரத்தில், இன்ஸ்பெக்டர் விரல் வைத்துக் காட்டிய இடத்தில் போட்டது. சாட்சி ஆணா பெண்ணா என்றுகூட அவருக்குத் தெரியாது.

இப்படி எத்தனையோ பேரை அனுப்பியிருக்கிறார். ஒருவரும் இதைக் கேட்டதில்லை. "ஆமாம்" என்று ஒரு வார்த்தை சொன்னால் முடிந்தது. அவர் கோப்பில் இருந்த தன் கையெழுத்தைப் பார்த்தார்.

"இல்லம்மா" என்றார் கடைசியில். "நான் பாக்கலை."

இன்ஸ்பெக்டர் பதறிப்போய் முன்னால் வந்தார். "சார், ஒரு நிமிஷம் தனியா..."

"தனியா எதுக்கு? எல்லார் முன்னாடியும் சொல்லுங்க. இனிமே இந்த ரூம்ல ரகசியமே கிடையாது" என்றார் அதிகாரி.

இன்ஸ்பெக்டர் கொக்கியைப் பார்த்தார், வாயை மூடிக்கொண்டார்.

அதிகாரி கோப்பை மூடினார். "பாக்காத சாட்சியை நம்பி ஒரு மனுஷனை ஊரைவிட்டு அனுப்ப எனக்கு மனசு இல்லை. இந்த நடவடிக்கையை ரத்து பண்ணிட்டேன். நீங்க வீட்டுக்குப் போகலாம்."

"தெய்வம் சார் நீங்க!" என்று கொக்கி பெரிதாகக் கும்பிட்டான். அவன் மனைவி நின்ற இடத்திலேயே நின்றாள். சந்தோஷம் தாங்காமல் சிலருக்கு அப்படி ஆகும் என்று அதிகாரி கேள்விப்பட்டிருந்தார். கொக்கி அவள் முழங்கையைப் பிடித்து வெளியே கூட்டிப்போனான்.

அதிகாரி எழுந்து ஜன்னலருகே வந்தார். பல வருடங்களாக நெஞ்சில் உட்கார்ந்திருந்த ஏதோ ஒன்று இறங்கிப் போனதுபோல் இருந்தது. கீழே கொக்கி ஸ்கூட்டரை உதைத்துக் கிளப்பினான். அவள் பின்னால் ஏறி உட்கார்ந்து, ஒருமுறை நிமிர்ந்து ஜன்னலைப் பார்த்தாள். அவர் கையசைத்தார்.

"நமக்குப் புத்தி சொல்ல ஒரு பொம்பளை வரவேண்டியிருக்கு பாருங்க" என்றார் இன்ஸ்பெக்டரிடம். "இனிமே எந்த சாட்சியையும் பாக்காம நான் கையெழுத்துப் போடமாட்டேன். இந்தக் கேஸ்லயே ஆரம்பிப்போம். அந்த சாட்சியைக் கூப்பிடுங்க, இப்பவே நேர்ல பாத்துடறேன். யாருய்யா அது?"

இன்ஸ்பெக்டர் தொப்பியைக் கழற்றினார். ஸ்கூட்டர் கேட்டைத் தாண்டித் தெருவில் திரும்பிக்கொண்டிருந்தது.

"பின்னாடி உக்காந்து போறாங்களே சார், அவங்கதான்."